உரிமத்தின் கெடு: கம்பம் பள்ளத்தாக்கில் ஓட்டுநர் உரிமப் புதுப்பிப்பின் வரலாறு

தேனி வட்டாரப் போக்குவரத்து அலுவலகம் வழங்கும் ஓட்டுநர் உரிமத்தின் எண் டி.என். 60 என்று தொடங்குகிறது. அதையடுத்து, உரிமம் முதன்முதலில் வழங்கப்பட்ட ஆண்டு நான்கு இலக்கங்களிலும் வரிசை எண் ஏழு இலக்கங்களிலும் வரும். உத்தமபாளையம் பகுதி அலுவலகத்தில் எடுத்தவர்களுக்கு 60க்குப் பக்கத்தில் இசட் என்ற எழுத்தும் சேரும். தேனியை ஒட்டிய அல்லிநகரத்தில் இருபது வயதில் உரிமம் எடுத்த ஒருவர் எழுபது வயதுவரை எத்தனை முறை புதுப்பித்தாலும் இந்த எண் மாறாது. ஒவ்வொரு முறையும் மாறுவது செல்லுபடியாகும் கடைசி நாள். அந்த நாளைச் சட்டம் யாருக்குக் கிட்டத்தில் வைத்தது, யாருக்கு எட்டத்தில் வைத்தது என்பதைப் பார்த்தால் புதுப்பித்தலின் வரலாறு முழுவதும் தெரிந்துவிடும். ஜீப், லாரி, வேன், ஆட்டோ என்று வண்டி ஓட்டிப் பிழைக்கும் குடும்பங்கள் மிகுந்த பள்ளத்தாக்கு இது. கெடு தவறிய உரிமம் இங்கே பல வீடுகளில் அடுத்த நாள் வருமானத்தை நிறுத்திவிடும்.

மோட்டார் வருவதற்கு முன் இந்தப் பகுதியின் சரக்கெல்லாம் மாட்டு வண்டியிலும் பொதிமாட்டிலும் போயிற்று. மூணாறு மலைத் தேயிலை டாப் ஸ்டேஷனிலிருந்து கம்பிவட வழியாகப் போடி அருகே கொட்டகுடிக்கு இறங்கி, அங்கிருந்து வண்டிகளில் ஏற்றப்பட்டு, அம்மையநாயக்கனூர் ரயில் நிலையம் சேர்ந்து தூத்துக்குடித் துறைமுகத்துக்குப் போன காலம் அது. மதுரையிலிருந்து தேனி வழியாகப் போடிநாயக்கனூருக்கு ரயில் வந்தது 1928இல்தான். கட்டை வண்டி ஓட்டுபவர் தன் கைத்திறனை எந்த அதிகாரியிடமும் நிரூபிக்க வேண்டியிருக்கவில்லை. கூலிக்கு ஆள் ஏற்றும் வண்டிகளுக்கு மட்டும் சட்டம் முன்பே வந்துவிட்டது. ஊர்விட்டு ஊர் ஆளேற்றிப் போகும் குதிரை வண்டிகளுக்கு உரிமம் வேண்டும் என்று 1861ஆம் ஆண்டின் ஸ்டேஜ் கேரேஜ் சட்டம் சொன்னது. நகர்ப்புற வாடகை வண்டிகளுக்காகச் சென்னை மாகாணம் 1911இல் ஹாக்னி கேரேஜ் சட்டம் இயற்றியது. பிறருக்காக வண்டி ஓட்டுபவனை அரசு கூடுதலாகக் கண்காணிக்கும் வழக்கம் ஜட்கா காலத்திலேயே வேரூன்றியது. மோட்டார் சட்டங்கள் அந்த வழக்கத்தை அப்படியே எடுத்துக்கொண்டன.

ஐரோப்பாவில் உரிமம் பிறந்த விதம் வேறு. 1888இல் கார்ல் பென்ஸ் தன் வண்டியைத் தெருவில் ஓட்ட உள்ளூர் அதிகாரிகளிடம் எழுத்து அனுமதி பெற்றார். பாரிஸ் நகரக் காவல் துறை 1893இல் ஓட்டுநருக்குத் திறன் சான்று கேட்டது. இங்கிலாந்தில் 1903ஆம் ஆண்டு மோட்டார் கார் சட்டம், 1904 ஜனவரி முதல் ஒவ்வோர் ஓட்டுநரும் உரிமம் வாங்க வேண்டும் என்றது. அதற்குத் தேர்வு கிடையாது. ஆண்டுக்கு ஐந்து ஷில்லிங் கட்டினால் போதும். எல்லாரும் ஓட்டிக் காட்ட வேண்டும் என்ற கட்டாயம் அங்கே 1935இல்தான் வந்தது. அமெரிக்காவில் ஒவ்வொரு மாநிலமும் தனித்தனியே உரிமச் சட்டம் செய்துகொண்டது. நியூயார்க் மாநிலம் 1910இல், சம்பளத்துக்குக் கார் ஓட்டும் ஷோஃபர்களுக்கு மட்டும் முதலில் உரிமத்தைக் கட்டாயமாக்கியது. காரின் சொந்தக்காரர் தானே ஓட்டினால் அது தேவைப்படவில்லை. கூலிக்கு ஓட்டுபவருக்கு ஒரு விதி, சொந்தத்துக்கு ஓட்டுபவருக்கு ஒரு விதி என்ற பிரிவு கடல்தாண்டி அமெரிக்காவிலும் அதேபோல் தோன்றியது கவனிக்கத் தக்கது.

சென்னை மாகாணம் 1907இல் தனக்கென ஒரு மோட்டார் வாகனச் சட்டம் செய்தது. நாடு முழுவதற்குமான முதல் சட்டம் 1914ஆம் ஆண்டு இந்திய மோட்டார் வாகனச் சட்டம். பதினெட்டு வயது நிரம்பாதவர் பொதுச் சாலையில் மோட்டார் ஓட்டக்கூடாது, உரிமம் இல்லாமல் யாரும் ஓட்டக்கூடாது என்ற இரண்டு விதிகளும் அதில் உண்டு. விவரமான விதிகளை மாகாணங்களுக்கு அது விட்டுவிட்டது. சென்னை மாகாணத்தில் உரிமம் தரும் பொறுப்பு அப்போது காவல் துறையிடம் இருந்தது. மதுரையில் டி.வி. சுந்தரம் ஐயங்கார் 1911இல் தொடங்கிய நிறுவனம் பேருந்துத் தொழிலை வளர்த்தபோது, கூலிக்கு மோட்டார் ஓட்டும் புதிய தொழிலாளர் கூட்டம் ஒன்று மதுரைச் சீமையில் உருவாயிற்று. கிளீனராகச் சேர்ந்து, வண்டி கழுவி, டயர் மாற்றி, கடைசியில் ஸ்டியரிங் பிடிப்பது அந்தத் தொழிலின் பள்ளிக்கூடமாக இருந்தது. கிளீனர் டிரைவராவதற்கு நடுவே நின்ற ஒரே அரசுத் தாள் உரிமம்.

இன்றைய உரிமத்தின் உடலமைப்பு உருவானது 1939ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தில். யார் ஓட்டலாம், என்ன தேர்வு, எந்த நோய் இருந்தால் உரிமம் இல்லை, எவ்வளவு காலத்துக்கு அது செல்லும் என்பதெல்லாம் நாடு முழுவதும் ஒரே எழுத்தில் வந்தன. வாடகைக்கு ஆளோ, சரக்கோ ஏற்றும் போக்குவரத்து வண்டி ஓட்ட இருபது வயது ஆக வேண்டும் என்றது சட்டம். சம்பளத்துக்கு ஓட்டுபவர் மருத்துவச் சான்று கொண்டுவர வேண்டும். கண்பார்வைக்கு அது வைத்த அளவுகோல் எளிமையானது, ஆனால் கறாரானது: நல்ல பகல் வெளிச்சத்தில், கண்ணாடி போடுபவர் கண்ணாடியோடு, 25 கஜ தூரத்தில் நிற்கும் மோட்டார் வண்டியின் பதிவு எண் அளவிலான ஏழு எழுத்துகளையும் எண்களையும் படித்துச் சொல்ல வேண்டும். வலிப்பு, மாலைக்கண், சிவப்பும் பச்சையும் பிரித்தறிய இயலாமை, ஹாரன் சத்தம் கேட்காத அளவு செவிட்டுத்தன்மை ஆகியவை ஓட்டுநரின் தகுதியைப் பாதிக்கும் குறைகளாக எண்ணப்பட்டன.

இந்தக் கேள்விகள் இன்றும் வழக்கில் இருக்கின்றன. புதுப்பிக்க வருபவர் கையெழுத்திடும் முதலாம் எண் படிவத்தில், உடல்தகுதி பற்றிய தன்னுறுதிமொழியில், கிட்டத்தட்ட இதே வரிசையில் இவை வருகின்றன. கண் சோதனையில் 25 கஜம் 25 மீட்டர் ஆகியிருக்கிறது, அவ்வளவுதான். எண்பதாண்டுகளாக நிர்வாகம் முழுவதும் மாறியும் இந்தக் கண் சோதனை நிலைத்ததற்குக் காரணம் அதன் எளிமை. விளக்குப் பலகையும் இருட்டறையும் இல்லாத ஊரிலும் அதை நடத்திப் பார்க்கலாம். தெருவில் ஒரு வண்டி நின்றால் போதும்.

1939 சட்டம் உரிமத்துக்கு முதலில் தந்த ஆயுள் பன்னிரண்டு மாதம். ஆண்டுதோறும் புதுப்பித்தாக வேண்டும். அப்போது இந்தப் பகுதியின் மாவட்டத் தலைமையிடம் மதுரை. அல்லிநகரத்திலிருந்து மதுரை சுமார் 75 கிலோமீட்டர், கூடலூர்க்காரருக்கு அதற்குமேல் இன்னும் ஐம்பது. சட்டம் நடைமுறைக்கு வந்த அதே ஆண்டில் இரண்டாம் உலகப் போரும் வந்தது. பெட்ரோலுக்குப் பங்கீடு வந்தது. மரக்கரியை எரித்து எடுக்கும் வாயுவில் பேருந்துகள் ஓடின. அதற்கான கருவிகளை மதுரையில் சுந்தரம் ஐயங்காரின் டி.வி.எஸ். நிறுவனமே தயாரித்தது. போர்த் தேவைக்காகப் போடி ரயில் பாதையின் தண்டவாளங்கள் பெயர்த்தெடுக்கப்பட்டன. பாதை மீட்டர் கேஜாகத் திரும்ப வந்தது 1950களில்தான். அந்த இடைக்காலத்தில் பள்ளத்தாக்கின் நெல், பருத்தி, ஏலக்காய் எல்லாவற்றையும் சாலையே சுமந்தது. அல்லிநகரத்தின் ஓரத்தில் சந்தையும் ரயிலடியுமாக வளர்ந்த தேனி, லாரிகள் கூடும் இடமாக மாறியது இந்த ரயிலில்லாத ஆண்டுகளின் தொடர்ச்சி என்றே சொல்ல வேண்டும்.

விடுதலைக்குப் பிறகு ஆண்டுக்கொரு புதுப்பிப்பு அரசுக்கும் சுமையாயிற்று. 1956ஆம் ஆண்டும் 1969ஆம் ஆண்டும் நாடாளுமன்றம் செய்த திருத்தங்களால் உரிமத்தின் ஆயுள் நீண்டது. சம்பளத்துக்கு ஓட்டுபவர்களுக்கு மூன்றாண்டு, மற்றவர்களுக்கு ஐந்தாண்டு என்ற கணக்கு நிலைத்தது. கெடு முடிந்து முப்பது நாளுக்குள் விண்ணப்பித்தால் பழைய நாளிலிருந்தே உரிமம் தொடரும், அதைத் தாண்டினால் புதுப்பித்த நாளிலிருந்துதான் கணக்கு என்ற விதியும் இருந்தது. முப்பது நாள் என்ற இந்த எண் ஓட்டுநர்களின் மனத்தில் ஆழமாகப் பதிந்துவிட்டது. சட்டத்திலிருந்து அது நீங்கிய பிறகும் அதை நம்பி இருப்பவர்கள் உண்டு என்பதால் இதை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது.

இந்த இரண்டு கணக்குகளும் ஒரே தெருவில் எப்படி வேலை செய்தன என்பதை ஒரு கற்பனை உதாரணத்தால் பார்க்கலாம். 1955இல் பிறந்த இருவர் 1975இல், இருபது வயதில், உரிமம் எடுத்தார்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒருவர் சொந்தமாக ஸ்கூட்டரும் பிறகு காரும் ஓட்டுபவர். மற்றவர் லாரி ஓட்டுநர். முதலாமவர் 1980, 1985, 1990 என்று ஐந்தாண்டுக்கு ஒரு முறை புதுப்பிக்கிறார். இடையில் சட்டம் மாறியதால் அவருடைய அடுத்த கெடு 1995, அதற்கடுத்து நேரே 2005, பிறகு 2010, 2015, 2020. மொத்தம் எட்டு முறை. லாரிக்காரரின் கெடு 1978இல் தொடங்கி மூன்றாண்டுக்கு ஒரு முறை, இடைவெளி மாறாமல் 2020 வரை வருகிறது. அது பதினைந்து முறை. ஒவ்வொரு முறையும் மருத்துவச் சான்று, புகைப்படம், கட்டணம், வண்டியிலிருந்து ஒரு நாள் இறங்கியிருப்பதால் போன படி எல்லாம் அவர் கணக்கில் சேரும். சாலையில் அதிக நேரம் இருப்பவரின் கண்ணையும் காதையும் அடிக்கடி பார்ப்பதில் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்த நியாயத்தின் செலவு முழுவதும் நாள்கூலிக்காரர் தலையில் விழுந்தது என்பதும் உண்மை.

கம்பம் பள்ளத்தாக்கில் இந்தச் செலவு விசேஷமாகக் கனத்ததற்குக் காரணம் மலை. குமுளி, கம்பம் மெட்டு, போடி மெட்டு என மூன்று மலைப்பாதைகள் இங்கிருந்து கேரளத்தின் ஏலத் தோட்டங்களுக்கு ஏறுகின்றன. விடியும் முன்பே கூடலூர், கம்பம், கோம்பை, தேவாரம், போடி ஊர்களிலிருந்து தோட்டத் தொழிலாளர்களை ஏற்றிக்கொண்டு ஜீப்புகள் புறப்படும். பொழுது சாயும்போது திரும்பும். கொண்டை ஊசி வளைவில் முதல் கியரில் ஏறி, என்ஜின் பிடிப்பிலேயே இறங்கத் தெரிந்தவர்தான் இந்தத் தொழிலில் நிற்க முடியும். ஏற்றத்தில் வருபவருக்கு இறங்குபவர் வழிவிட வேண்டும் என்ற விதியை எவரும் இங்கே புத்தகத்தில் படித்துக் கற்பதில்லை. மலைச்சாலை ஓட்டம் தனித் திறமை என்பதை அரசும் ஏற்றிருக்கிறது. இப்போதைய உரிம அட்டையின் பின்புறத்தில், அபாயகரமான சரக்கு ஏற்றுவதற்கான கெடுவுக்குப் பக்கத்தில், மலைச்சாலைக்கான கெடுவைக் குறிக்கவும் ஓர் இடம் இருக்கிறது. மெட்டின் உச்சியில் மாநில எல்லை. அந்தப் பக்கம் முன்பு திருவிதாங்கூர் சமஸ்தானம், தனிச் சட்டம், தனிக் காவல். இன்று இந்தியாவில் எந்த மாநிலம் தந்த உரிமமும் நாடு முழுவதும் செல்லும். ஆனாலும் எல்லையின் இரண்டு பக்கமும் சோதனைக்கு நிற்க வேண்டிய ஜீப் ஓட்டுநருக்கு, உரிமத்தில் கெடு எப்போது முடிகிறது என்பது சமவெளி ஓட்டுநரைவிட அடிக்கடி கேட்கப்படும் கேள்வி.

1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் 1989 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அரை நூற்றாண்டுப் பழைய சட்டத்தை அது முழுவதும் மாற்றியது. சொந்த வண்டி ஓட்டுபவருக்கு உரிமத்தின் ஆயுள் இருபது ஆண்டு அல்லது நாற்பது வயது, இவற்றில் எது முந்தியோ அதுவரை என்றாயிற்று. 1994 திருத்தம் அந்த நாற்பதை ஐம்பதாக உயர்த்தியது. ஐம்பதைத் தாண்டியவர்களுக்கு ஐந்தாண்டுக்கு ஒரு முறை. போக்குவரத்து வண்டிக்கு மட்டும் பழைய மூன்றாண்டே தொடர்ந்தது. பெட்ரோல், அமிலம், எரிவாயு போன்ற அபாயச் சரக்கு ஏற்றும் லாரிகளின் ஓட்டுநர் ஆண்டுதோறும் புத்தாக்கப் பயிற்சி பெற்றுப் புதுப்பிக்க வேண்டியிருந்தது. இடைவெளி இப்போது முன்பைவிட அகன்றது. இருபது வயதில் இரு சக்கர வண்டிக்கு உரிமம் எடுத்தவர் இருபதாண்டு அலுவலகத்தை எட்டிப் பார்க்காமல் இருக்கலாம். வேன் ஓட்டுநர் அதே இருபதாண்டில் ஆறு முறை போய் நிற்க வேண்டும்.

கெடு முடிந்த உரிமம் முப்பது நாள்வரை செல்லும் என்று 1988 சட்டம் வெளிப்படையாகவே எழுதி வைத்தது. முப்பது நாளுக்குப் பிறகு, ஆனால் ஐந்தாண்டுக்குள் வந்தால் கூடுதல் கட்டணத்துடன் புதுப்பித்துக்கொள்ளலாம். ஐந்தாண்டு கடந்தால் மீண்டும் ஓட்டிக் காட்ட வேண்டும். இந்தச் சலுகைகளின் உண்மையான எடை விபத்து நடந்த பிறகே தெரியும். ஓட்டுநரின் உரிமம் செல்லாத நாளில் விபத்து நடந்தால் காப்பீட்டு நிறுவனம் இழப்பீடு தர மறுக்கலாமா என்ற வழக்குகள் நாடெங்கும் தீர்ப்பாயங்களில் குவிந்தன. 2004இல் சுவரண் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்கு ஒரு வழி வகுத்தது. உரிமக் குறையைக் காட்டி மட்டுமே பாதிக்கப்பட்ட மூன்றாம் நபரைக் கைவிட முடியாது. காப்பீட்டு நிறுவனம் முதலில் கொடுத்துவிட்டு, உரிமையாளர் விதி மீறியது நிரூபணமானால் அவரிடம் வசூலித்துக்கொள்ளலாம். அடிபட்டவரின் குடும்பத்துக்கு இது பெரிய பாதுகாப்பு. ஒரே ஒரு ஜீப்பைக் கடனில் வாங்கி ஓட்டும் உரிமையாளருக்கோ, உரிமத்தின் கெடுவை மறந்தால் வாழ்நாள் கடன் வந்து சேரலாம் என்பதுதான் அதன் பொருள்.

தேனி தனி மாவட்டமானது இந்தக் கதையில் அடுத்த திருப்பம். 1996 ஜூலையில் அரசாணை வந்து, 1997 ஜனவரி முதல் மதுரையிலிருந்து பிரிந்து தேனி மாவட்டம் இயங்கத் தொடங்கியது. தலைமையிடம் தேனி-அல்லிநகரம் நகராட்சிப் பகுதி. ஆட்சியர் அலுவலகம், நீதிமன்றம், மாவட்ட அளவிலான துறைகள் எல்லாம் பள்ளத்தாக்குக்குள்ளேயே வந்தன. உத்தமபாளையத்தில் பகுதி அலுவலகம் அமைந்ததால் கம்பம், கூடலூர், சின்னமனூர் பக்கத்தவர்கள் தேனிவரைகூட வர வேண்டியதில்லை என்றாயிற்று. வேறு ஊரில் முதலில் உரிமம் எடுத்தவர்கள் தேனியில் புதுப்பித்தபோது, புதுப்பித்த அலுவலகம் முதலில் வழங்கிய அலுவலகத்துக்கு அதைத் தெரிவிக்க வேண்டும் என்பது விதி. காகிதப் பேரேடுகளின் காலத்தில் அந்தத் தகவல் தபாலில் போயிற்று. அட்டை தொலைந்து, எண்ணும் நினைவில்லாதவர் பழைய பேரேட்டில் தன் பெயரைத் தேடிப் பிடிக்க அலுவலகத்துக்குப் பலமுறை நடக்க நேர்ந்தது.

அந்தக் காலத்துப் புதுப்பிப்பு நாளுக்கு ஒரு வரிசை இருந்தது. முதலில் டிரைவிங் ஸ்கூல் அல்லது அலுவலக வாசலில் மேசை போட்டிருக்கும் எழுத்தர். படிவம் அவரிடமே கிடைக்கும். நிரப்பித் தருவதும் அவரே. அடுத்துப் புகைப்படக் கடை. பிறகு சான்று தரும் டாக்டர். அதன்பின் கருவூலச் சலானோ அலுவலகக் கவுண்டரோ. கடைசியில்தான் மோட்டார் வாகன ஆய்வாளர். ஊர்வழக்கில் அவர் பிரேக் இன்ஸ்பெக்டர். புதிதாக எடுப்பவர் அவர் முன் எட்டுப் போட்டுக் காட்ட வேண்டும். புதுப்பிப்பவர் ஆளைக் காட்டினால் போதும். எழுதப் படிக்கத் தெரியாத மூத்த ஓட்டுநர்களுக்கு இந்த வரிசை முழுவதும் இடைத்தரகர் இல்லாமல் கடக்க முடியாததாக இருந்தது. அரசுக் கட்டணம் சில நூறு ரூபாயாகவே இருந்தாலும் கையைவிட்டுப் போன தொகை அதற்கு மேல் என்பதை இந்தத் தொழிலில் இருந்த எவரும் அறிவார்.

எழுத்தறிவு பற்றிய கேள்வியை அரசே 2007இல் எழுப்பியது. போக்குவரத்து வண்டி ஓட்டப் புதிதாக உரிமம் கேட்பவர் எட்டாம் வகுப்புத் தேர்ச்சி பெற்றிருக்க வேண்டும் என்று மத்திய மோட்டார் வாகன விதிகளில் சேர்க்கப்பட்டது. ஏற்கெனவே உரிமம் வைத்திருந்து புதுப்பிப்பவர்களுக்கு அது பொருந்தாது. இதனால் புதுப்பித்தலுக்குப் புதிய மதிப்பு ஒன்று கூடியது. பள்ளியைப் பாதியில் விட்டுக் கிளீனராகி ஓட்டுநரான மூத்தவர், உரிமத்தை உயிரோடு வைத்திருக்கும்வரை தொழிலில் இருக்கலாம். அதை முற்றிலும் இழந்துவிட்டால் புதிதாக எடுக்க வழியில்லை. கிளீனர் வழியாக டிரைவராகும் பழைய பாதையில் வந்த இளைஞர்களுக்குக் கதவு மூடியது. 2019 செப்டம்பரில் இந்த விதி நீக்கப்பட்டது. பயிற்சியே முக்கியம், பள்ளிச் சான்று அல்ல என்ற வாதம் வெல்ல பன்னிரண்டு ஆண்டுகள் ஆயின. தோட்டக்கூலிக் குடும்பத்துப் பிள்ளைகளுக்கு அந்த ஆண்டுகள் திரும்பி வரப்போவதில்லை.

அதே 2019 செப்டம்பர் 1 முதல் நடைமுறைக்கு வந்த சட்டத் திருத்தம் கெடுவின் கணக்கை மறுபடி எழுதியது. போக்குவரத்து உரிமத்தின் ஆயுள் மூன்றிலிருந்து ஐந்தாண்டு ஆயிற்று. அபாயச் சரக்குக்கு ஓராண்டு மூன்றாண்டாயிற்று. சொந்த வண்டிக்காரர்களுக்கு மாறாக இறுக்கம் வந்தது. முப்பது வயதுக்குள் எடுப்பவருக்கு நாற்பது வயதுவரை. முப்பதுக்கும் ஐம்பதுக்கும் இடையில் எடுப்பவருக்குப் பத்தாண்டு. ஐம்பது முதல் ஐம்பத்தைந்து வரை அறுபது வயதுவரை. அதற்கு மேல் ஐந்தைந்து ஆண்டாக. 1861இலிருந்து வந்த இரட்டைக் கணக்கு முதல்முறையாக ஒன்றை ஒன்று நெருங்கியது இந்தத் திருத்தத்தில்தான். தொழில் ஓட்டுநருக்கு இதைவிட நல்ல செய்தி அரை நூற்றாண்டில் வரவில்லை.

ஆனால் அதே திருத்தம் முப்பது நாள் சலுகையை எடுத்துவிட்டது. இன்று கெடு முடிந்த மறுநாளே உரிமம் செல்லாது. கெடுவுக்கு ஓராண்டு முன்னும் ஓராண்டு பின்னும் புதுப்பிக்க விண்ணப்பிக்கலாம். புதுப்பித்த நாளிலிருந்து புதிய காலம் தொடங்கும். இடைப்பட்ட நாள்களில் வண்டி எடுத்தால் உரிமமின்றி ஓட்டியதாகவே கொள்ளப்படும். அதற்கான அபராதம் 500 ரூபாயிலிருந்து 5000 ரூபாயாக உயர்ந்திருக்கிறது. ஓராண்டு கடந்தால் ஓட்டிக் காட்டும் தேர்வு மீண்டும் உண்டு. முன்பு இதற்கு ஐந்தாண்டு அவகாசம் இருந்தது. கட்டணங்கள் 2016 டிசம்பரில் மாற்றப்பட்டவை: உரிய காலத்தில் புதுப்பிக்க 200 ரூபாய், ஸ்மார்ட் கார்டுக்கு இன்னொரு 200. தாமதத்துக்கு 300 ரூபாயும், தாமதித்த ஒவ்வோர் ஆண்டுக்கும் அல்லது அதன் பகுதிக்கும் 1000 ரூபாயும். வளைகுடா நாடுகளுக்கு வேலைக்குப் போய்ச் சில ஆண்டு கழித்து ஊர் திரும்புபவர்களை இந்தத் தாமதக் கட்டணம் அதிகம் பிடிக்கிறது.

புதிய கணக்கு பழகுவதற்குள் பெருந்தொற்று வந்தது. 2020 பிப்ரவரி 1க்குப் பின் கெடு முடிந்த உரிமங்களும் வாகன ஆவணங்களும் 2020 ஜூன் 30 வரை செல்லும் என்று மத்திய அரசு முதலில் அறிவித்தது. அது பலமுறை நீட்டிக்கப்பட்டு 2021 அக்டோபர் 31 வரை வந்தது. ஒன்றே முக்கால் ஆண்டு ஒருவருக்கும் கெடு இல்லாத காலம் இந்தியாவில் இதற்கு முன் இருந்ததில்லை. எல்லைப் பாதைகள் அடைக்கப்பட்டுத் தோட்ட ஜீப்புகள் நின்றுபோயிருந்த மாதங்களில், கட்டணத்துக்கும் வழியில்லாதிருந்த ஓட்டுநர்களுக்கு இந்த நீட்டிப்பு பெரிய ஆறுதல்.

பெருந்தொற்று முடிந்தபோது அலுவலக வரிசையும் மாறியிருந்தது. தேசியத் தகவலியல் மையம் உருவாக்கிய சாரதி மென்பொருளில் பழைய பேரேடுகள் ஏறியிருந்தன. ஆதார் வழி அடையாளம் உறுதி செய்தால் தேர்வு தேவைப்படாத புதுப்பிப்பு உட்பட 18 சேவைகளை அலுவலகம் வராமலே பெறலாம் என்று 2021 மார்ச்சில் அறிவிக்கப்பட்டது. 2022 செப்டம்பரில் அந்த எண்ணிக்கை 58 ஆயிற்று. டிஜிலாக்கரிலும் எம்-பரிவாகன் செயலியிலும் உள்ள உரிமத்தைக் காட்டினால் சோதனை அதிகாரி ஏற்க வேண்டும் என்ற விதி 2018 நவம்பரிலேயே வந்துவிட்டது. உடல்தகுதி விதிகளிலும் பழைய இறுக்கம் தளர்ந்தது. காது கேளாதவர்களுக்கும் உரிமம் தரலாம் என்று 2016இல் தெளிவுபடுத்தப்பட்டது. லேசான, நடுத்தர அளவு நிறக்குருடு உள்ளவர்களுக்கு 2020 ஜூனில் வழி திறந்தது. விபத்தில் இறக்க நேர்ந்தால் உறுப்புகளைத் தானமாகத் தர விருப்பமா என்ற கேள்வியும் விண்ணப்பத்தில் சேர்ந்தது.

இலகுரக வண்டிக்காரர்களுக்குக் கடைசியாகக் கிடைத்த பெரிய மாற்றம் நீதிமன்றத்திலிருந்து வந்தது. 7500 கிலோவுக்கு உட்பட்ட எடையுள்ள ஆட்டோ, ஜீப், சிறு சரக்கு வேன் ஓட்ட, இலகுரக வாகன உரிமம் இருந்தால் போதும், போக்குவரத்துக்கெனத் தனி மேற்குறிப்பு வேண்டாம் என்று 2017இல் முகுந்த் தேவாங்கன் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. காப்பீட்டு நிறுவனங்கள் அதை எதிர்த்தன. 2024 நவம்பர் 6 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு அதையே உறுதி செய்தது. ஒரே ஜீப்பைச் சொந்த வேலைக்கு ஓட்டுபவரும் வாடகைக்கு ஓட்டுபவரும் உரிமத்தின் முன் ஒன்றே என்ற நிலை இதனால் பிறந்தது.

இப்போது அல்லிநகரத்தில் உரிமம் புதுப்பிப்பவர் செய்ய வேண்டியவை இவை. பரிவாகன் தளத்தில் தமிழ்நாட்டைத் தேர்ந்து, உரிம எண்ணும் பிறந்த நாளும் கொடுத்து விண்ணப்பிக்க வேண்டும். இணையம் பழகாதவர் இ-சேவை மையத்திலோ டிரைவிங் ஸ்கூலிலோ இதைச் செய்கிறார். உடல்தகுதி உறுதிமொழியுடன், நாற்பது வயது கடந்தவரும் போக்குவரத்து உரிமம் உள்ளவரும் பதிவுபெற்ற மருத்துவரிடம் 1-ஏ படிவத்தில் சான்று வாங்க வேண்டும். கட்டணத்தை இணையத்திலேயே செலுத்தலாம். ஆதார் வழியில் போகாதவர் மட்டும் குறித்த நாளில் மூல ஆவணங்களுடன் அலுவலகம் போகிறார். 2024 பிப்ரவரி 28 முதல் தமிழ்நாட்டில் உரிமத்தையும் பதிவுச் சான்றையும் நேரில் கொடுப்பதில்லை. விரைவுத் தபாலில் வீட்டு முகவரிக்கு மட்டுமே அவை அனுப்பப்படுகின்றன. முகவரி தவறாக இருந்தாலோ வீடு பூட்டியிருந்தாலோ அட்டை திரும்பிப் போய்விடும். எனவே வீடு மாறியவர்கள் புதுப்பிக்கும் விண்ணப்பத்தோடு முகவரி மாற்றத்தையும் சேர்த்தே கேட்டுக்கொள்வது நல்லது. கைபேசி எண் மாறியிருந்தால் அதையும் முதலில் சாரதியில் திருத்திக்கொள்ள வேண்டும். விண்ணப்பம் எந்த நிலையில் இருக்கிறது என்ற தகவல் அந்த எண்ணுக்கே வரும்.